நிறுத்தச் சொன்னாளா

‘எனக்கு ஒண்ணுமில்லை’ என்று சுவரொட்டியில் கொட்டை எழுத்தில் போட்டு, அதற்குக் கீழே பல்லெல்லாம் தெரிய ஒரு பெண் சிரித்துக்கொண்டு நின்றால், அவளுக்கு என்னவோ இருக்கிறது என்று அர்த்தம். பார்க்கிற எல்லாருக்கும் அது புரிந்துவிடும். அதனால்தான் டிக்கெட் விற்கிறது. படத்தில் இருக்கிற பெண்ணுக்கு வீட்டில் வாலு என்று பெயர். வயது முப்பதைத் தாண்டிய பிறகும் அந்தப் பெயர் அவளை விட்டுப் போகவில்லை. மேடையில் தனியாக நின்று, தனக்கு வந்த மனநோயைத் தானே நடித்துக் காட்டி ஊரைச் சிரிக்க வைப்பது அவள் தொழில். இப்படியும் ஒரு பிழைப்பா என்று கேட்கிறவர்கள் உண்டு. அவர்களும் டிக்கெட் வாங்கிக்கொண்டு வந்து, வயிறு வலிக்கச் சிரித்துவிட்டுத்தான் கேட்கிறார்கள்.

அரங்கத்தின் பின்பக்கம், கூட்டத்தின் தலைக்கு மேலே, ஒரு கண்ணாடி அறை. அங்கே லைட் போர்டுக்கு முன்னால் உட்கார்ந்திருப்பவள் வாலுவின் அக்கா. பகலில் அவள் மூக்குக்கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிறவள். முன்பு இருந்த லைட்காரர் சொல்லாமல் கொள்ளாமல் போய்விட்டபோது வாலு வந்து, “நீயே உக்காருக்கா. மேல தள்ளினா வெளிச்சம், கீழ தள்ளினா இருட்டு. இதுல என்ன பெரிய வித்தை இருக்கு?” என்றாள். அக்காவும் உட்கார்ந்துவிட்டாள். லைட்டுக்காக மட்டும் அல்ல என்பது இரண்டு பேருக்கும் தெரியும். மேடையில் நிற்கிறவள்மேல் ஒரு கண் வைத்திருக்க ஓர் ஆள் வேண்டியிருந்தது.

ஏனென்றால் வாலு மேடையில் சொல்வது கட்டுக்கதை இல்லை. சில வருஷம் வராது, சில வருஷம் வந்துவிடும். முதலில் தூக்கம் போகும். பிறகு பேச்சு வேகம் பிடிக்கும். கண்ணில் படுகிறதெல்லாம் ஒன்றுக்கொன்று சம்பந்தமுள்ளதாகத் தெரியும், எல்லாம் தனக்காகவே நடப்பதாகத் தெரியும். அப்புறம் ஒரு நாள் கதவு திறந்து கிடக்கும், ஆள் இருக்க மாட்டாள். முதல் தடவை அப்படித்தான் ஆயிற்று. அக்கா கடையிலிருந்து வீட்டுக்கு வந்தபோது வாசலில் வாலுவின் இடது கால் செருப்பு மட்டும் கிடந்தது. வலது கால் செருப்போடு அவள் பக்கத்து ஊர்வரைக்கும் போயிருந்தாள்.

அதை வாலு மேடையில் இப்படிச் சொல்வாள்: “எங்க சித்தி சொன்னாங்க, ‘தினம் நல்லா நட, எல்லாம் சரியாப் போயிடும்’னு. நானும் நடந்தேன். பக்கத்து ஊர் வரைக்கும் நடந்தேன். போலீஸ் ஜீப்புல திரும்பி வந்தேன். சித்தி கேக்கறாங்க, ‘பாத்தியா, இப்ப எவ்வளவு தெம்பா இருக்கே!’” இந்த இடத்தில் கூட்டம் குலுங்கிச் சிரிக்கும். அந்த ஜீப்பில் பக்கத்தில் உட்கார்ந்து வந்தவள் கண்ணாடி அறையில் லைட்டைக் கொஞ்சம் மஞ்சளாக்குவாள்.

நிகழ்ச்சி தொடங்கிய காலத்திலேயே அக்காவும் தங்கையும் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டார்கள். மேடையில் நிற்கும்போதே பிடி நழுவுகிற மாதிரி இருந்தால் வாலு இடது கால் செருப்பைக் கழற்றி நாற்காலிமேல் வைக்க வேண்டும். உடனே அக்கா லைட்டை மெல்ல இறக்கி, கடைசிப் பாட்டைப் போட்டு, முடிந்தது போலவே முடித்துவிட வேண்டும். ஜனங்களுக்கு ஒன்றும் தெரியாது. காதைத் தொடுவது, தண்ணீர் கேட்பது என்று வேறு எதையாவது அடையாளமாக வைத்துக்கொண்டிருக்கலாம். இவர்களுக்குப் புத்தி அப்படிப் போகவில்லை. சிரிக்க வைத்துப் பிழைக்கிற ஒருத்தியின் கையில், மேடையிலேயே, செருப்பைப் போன்ற ஒரு சாமானைக் கொடுத்துவிட்டு, இதை மட்டும் விளையாட்டுக்கு எடுக்காதே என்று ஏற்பாடு செய்துகொண்டார்கள். பூனையிடம் பாலைக் கொடுத்து, பார்த்துக்கொள் என்று சொன்ன கதைதான்.

அந்த ஒப்பந்தம் ஏற்கெனவே இரண்டு தடவை சொதப்பியிருக்கிறது. ஒரு தடவை ஒரு சின்ன மண்டபத்தில் வாலு செருப்பைக் கழற்றினாள். அக்கா பதறிப்போய் லைட்டை இறக்கிவிட்டாள். பார்த்தால் செருப்புக்குள் ஒரு கல். “ஜனங்க முன்னால என் வாயை அடைச்சிட்டே. இன்னொரு தடவை இப்படிப் பண்ணினா லைட் போர்டு முன்னால நீ உக்காரக் கூடாது” என்று சொன்ன வாலு, பல நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை. இன்னொரு தடவை, அவள் பேச்சு தடம் மாறுவதை அக்கா கண்ணாலேயே பார்த்தாள். செருப்பு காலிலேயே இருந்ததால், கல் விஷயத்தை நினைத்துக் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அந்தத் தடவை வாலு கைதட்டலை வாங்கிக்கொண்டு மேடையிலிருந்து இறங்கி நேராக மருத்துவமனைக்குத்தான் போக வேண்டியிருந்தது. அவசரப்பட்டாலும் தப்பு, பொறுத்தாலும் தப்பு. டாக்டரோ, “நீங்கதான் கூடவே இருக்கீங்க, உங்களுக்குத்தான் முதல்ல தெரியும்” என்று சொல்லி அனுப்புகிறார். எனக்கு என்னத்தைத் தெரியும் என்று அக்கா அவரிடம் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.

இதுவரை கிடைக்காத பெரிய அரங்கம் அன்றைக்குத்தான் கிடைத்திருந்தது. காலையில் அக்கா எழுந்து வந்தபோது, வீட்டில் இருந்த நாற்காலி, முக்காலி, மடக்குக் கட்டில் எல்லாம் கூடத்தில் வரிசையாக நின்றன. அவற்றுக்கு எதிரே வாலு நின்று பேசிக்கொண்டிருந்தாள்.

“வாக்கா, இடம் காலியா இருக்கு. புது ஜோக் வந்திருக்கு, கேளு. காலையில போடற மாத்திரை முழிச்சுக்கறதுக்கு. ராத்திரி போடற மாத்திரை தூங்கறதுக்கு. ரெண்டும் வயித்துக்குள்ள சந்திச்சுக்கிட்டு, ‘இவ யாரு பக்கம்?’னு சண்டை போட்டுக்குதுங்க. நான் ரெண்டு பேருக்கும் நடுவுல உக்காந்து சமாதானம் பேசிட்டு இருக்கேன்.”

“ராத்திரி தூங்கினியா?” என்றாள் அக்கா.

வாலுவின் முகம் விழுந்துவிட்டது. “ஜோக் எப்படி இருக்குன்னு கேட்டா, தூங்கினியான்னு கேக்கறே.”

“தூங்கினியா இல்லையாடி?”

“தூங்கினேன். கனவுல நீ வந்து, தூங்கினியான்னு கேட்டே.”

அக்காவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. நாற்காலிகளை வரிசையாகப் போட்டு ஒத்திகை பார்ப்பது நோயா? பெரிய மேடை ஏறப்போகிற எவளும் அப்படித்தான் இருப்பாள். கண் பளபளக்கும், சோறு இறங்காது, வாய் ஓயாது. அது வரும்போதும் இதேதான், ஒரு மாற்றம் கிடையாது. அக்கா முக்காலியைச் சமையலறையில் கொண்டுபோய்ப் போட்டாள்.

மாலையில் அரங்கம் நிரம்பி வழிந்தது. அரங்க மேலாளர் கண்ணாடி அறைக்குள் வந்து அக்காவின் பின்னால் நின்றுகொண்டார். எதைப் பார்த்தாலும் ‘பிரமாதம்’ என்று சொல்லுகிற மனுஷர். நாற்காலி காலியாக இருந்தாலும் பிரமாதம் என்பார் போலிருந்தது.

வாலு அன்றைக்கு வெளுத்து வாங்கினாள். அதில் சந்தேகமே இல்லை. மனநோய் என்றதும் முதலில் கொஞ்ச நேரம் ஜனங்கள் பக்கத்தில் இருப்பவர் முகத்தைப் பார்ப்பார்கள், சிரிக்கலாமா கூடாதா என்று. அன்று அந்தக் கொஞ்ச நேரம்கூட ஆகவில்லை. சித்தி வந்தாள், ஜீப் வந்தது, காலையில் கேட்ட மாத்திரைச் சண்டை வந்தது. இரண்டு மாத்திரைகளுக்கும் இரண்டு குரல், நடுவில் சமாதானம் பேசும் வாலுவுக்கு மூன்றாவது குரல். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அக்காவுக்குப் பெருமையாக இருந்தது. பெருமையாக இருந்ததால் பயமாகவும் இருந்தது. இவ்வளவு நன்றாக அவள் செய்து பார்த்ததே இல்லை.

டாக்டர் கட்டம் முடிந்து சித்தப்பா கட்டம் வர வேண்டும். வரவில்லை. வாலு சும்மா நின்றாள். பிறகு குனிந்தாள். இடது கால் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

அக்காவின் கை தானாக விளக்கை இறக்கும் விசைக்குப் போய்விட்டது.

செருப்பும் கையுமாக ஒருத்தி மேடையில் நின்றால் யாருக்குத்தான் நிம்மதியாக இருக்கும்? முன்வரிசைக்காரர் ஒருவர் எதற்கும் இருக்கட்டும் என்று தலையைப் பக்கத்தில் சாய்த்துக்கொண்டார். அதைப் பார்த்து அவருக்குப் பின்னால் இருந்தவர்கள் சிரித்தார்கள். வாலு சிரிப்பு வந்த திசையில் திரும்பினாள். செருப்பைப் பார்த்தாள். காதில் வைத்துக்கொண்டாள்.

“ஹலோ, டாக்டர் இருக்காரா? நான் செருப்புலேருந்து பேசறேன். ஆமா, இடது கால். வலது கால் எங்கேஜ்டா இருக்கு.”

அரங்கம் அதிர்ந்தது.

“எப்படி இருக்கேனா? எனக்கு எப்படித் தெரியும் டாக்டர்? எங்க அக்காகிட்ட கேளுங்க. நான் நல்லா இருக்கேனா இல்லையான்னு அவளுக்குத்தான் தெரியும். இருங்க, போனை அவகிட்ட கொடுக்கறேன்.” சொல்லிவிட்டு அந்தச் செருப்பைக் கொண்டுபோய் நாற்காலிமேல் வைத்தாள். பெரிய மனுஷரை உட்கார வைப்பது போல, துடைத்துவிட்டு, நேராக வைத்தாள். “உக்காருங்க டாக்டர். லைன்ல இருங்க.”

ஜனங்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். அக்கா மனசுக்குள் கணக்குப் போட்டாள். செருப்பு கழன்றாயிற்று, நாற்காலிக்கும் போயாயிற்று. ஒப்பந்தப்படி நிறுத்த வேண்டும். ஆனால் இது ஜோக் அல்லவா? ஜோக்காக வைத்த செருப்பு கணக்கில் வருமா? நிஜமாகவே நிறுத்தச் சொல்கிறவள் எங்கேஜ்டு என்று சொல்லிக் கூட்டத்தைப் புரட்டி எடுப்பாளா? மாட்டாள் என்று நினைத்தால், வாலு மாட்டாளா என்று இன்னொரு மனசு கேட்டது. செத்தாலும் பாடையிலிருந்து எழுந்து ஒரு ஜோக் சொல்லிவிட்டுப் படுத்துக்கொள்கிறவள்.

கடையில் சில பேர் வருவார்கள். இது தெளிவா, அது தெளிவா என்று லென்ஸை மாற்றி மாற்றிப் போட்டாலும் ரெண்டும் ஒண்ணாத்தான் தெரியுது என்பார்கள். யோசிக்காதீங்க, முதல்ல தோணினதைச் சொல்லுங்க என்பாள் அக்கா. இப்போது அதையே தனக்குச் சொல்லிக்கொண்டாள். முதலில் தோன்றியது நிறுத்து என்பது. அதே நொடியில் தோன்றியது நிறுத்தாதே என்பது.

“பிரமாதம்!” என்றார் மேலாளர். “இது முன்னாடியே எழுதினதா, இப்ப வந்ததா?”

“தெரியலைங்க.”

“என்னங்க இது, நீங்க அவங்க அக்காதானே?”

“அக்காதான்” என்றாள் அக்கா, அழுதுவிடுவாள் போல.

மேடை விளக்கை இறக்குகிற விசையிலிருந்து கையை எடுத்தாள். ஓரத்தில் இன்னொரு விசை உண்டு, கூட்டம் எழுந்து போகும்போது அரங்கம் முழுக்க விளக்குப் போடுவதற்கு. அதை ஒரே தள்ளாக மேலே தள்ளினாள். அத்தனை பேரும் வெளிச்சத்தில் கண்ணைச் சிமிட்டினார்கள். ஒத்திகைக்கு வைத்திருந்த மைக்கை எடுத்தாள்.

“வாலு, நிறுத்தவா, வேண்டாமா?”

குரல் மேலேயிருந்து விழுந்ததும் எல்லாத் தலைகளும் பின்னால் திரும்பின. வாலு கண்ணுக்கு மேல் கையை வைத்துக்கொண்டு அண்ணாந்து பார்த்தாள்.

“யாரது? கடவுளா?”

“அக்காடி.”

“அப்ப அதுக்கும் மேல” என்றாள் வாலு. கூட்டம் கைதட்டியது.

“கேட்டதுக்குப் பதில் சொல்லு. நிறுத்தவா, வேண்டாமா?”

“என்னைக் கேட்டா? நீதானே பார்த்துச் சொல்லணும்?”

அவள் சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அக்கா மைக்கை வைத்துவிட்டு எழுந்தாள். “லைட்டு?” என்றார் மேலாளர். அக்கா குறுகலான படியில் இறங்கி, நாற்காலிகளுக்கு நடுவே நடந்தாள். வழியில் ஒருவர் எழுந்து, “ரொம்ப இயல்பா நடிக்கறீங்க” என்று கையைக் குலுக்கினார். அக்கா கையைப் பிடுங்கிக்கொண்டு போனாள். அவளுக்கு அங்கிருந்த அத்தனை பேர்மேலும் ஆத்திரமாக வந்தது, தங்கைமேல் இன்னும் அதிகமாக வந்தது.

மேடையேறிப் பக்கத்தில் நின்று பார்த்தபோது ஆத்திரம் போன இடம் தெரியவில்லை. கண்ணாடி அறையிலிருந்து பார்க்கிறபோது தெரியாதது இங்கே தெரிந்தது. வாலுவின் சட்டை முதுகெல்லாம் நனைந்து ஒட்டியிருந்தது. உதடு வறண்டு வெடித்திருந்தது. செருப்பில்லாத கால் மட்டும் தாளம் போடுவது போல ஆடிக்கொண்டே இருந்தது. அக்கா அவள் தோளைப் பிடித்து அழுத்தி மேடைப் பலகையிலேயே உட்கார வைத்து, தானும் உட்கார்ந்தாள்.

“தூங்கினியாடி?”

கூட்டம் சிரித்தது. வாலுவின் காலரில் மாட்டியிருந்த மைக் எல்லாவற்றையும் ஊருக்குச் சொல்லிக்கொண்டிருந்தது.

“இல்லைக்கா.”

“எத்தனை நாளா?”

“எண்ணலை. எண்ணினா நீ கேப்பேன்னு எண்ணலை.” இதற்கும் சிரித்தார்கள், கொஞ்சம் குறைவாக. “தூங்கினா ஜோக் வரமாட்டேங்குதுக்கா. மாத்திரை போட்டா நல்லாத் தூங்கறேன். காலையில எழுந்தா தலைக்குள்ள துடைச்சு வச்ச மாதிரி இருக்கு, ஒண்ணும் கிடையாது. இந்த மேடையை வச்சுக்கிட்டு ஒண்ணுமில்லாம எப்படி வந்து நிக்கறது?”

“அப்ப ராத்திரி மாத்திரையை விட்டுட்டியா?”

வாலு தலையாட்டினாள். இப்போது யாரும் சிரிக்கவில்லை.

“சரி, இதைச் சொல்லு. செருப்பைக் கழட்டினியே, அது நிறுத்தச் சொல்லிக் கழட்டினியா, விளையாட்டுக்குக் கழட்டினியா?”

வாலு யோசித்தாள். பள்ளிக்கூடத்தில் பதில் தெரியாத பிள்ளை யோசிப்பது போல நெற்றியைச் சுருக்கிக்கொண்டு, நேர்மையாக யோசித்தாள்.

“கழட்டினப்போ நிறுத்தத்தான் சொன்னேன். எல்லார் முகமும் ஒரே முகமாத் தெரிஞ்சுது, பயந்துட்டேன். அப்ப அந்த ஆள் தலையைச் சாய்ச்சாரா, சிரிச்சாங்களா, உடனே அந்த டெலிபோன் வந்துடுச்சுக்கா. அவ்வளவு நல்லா வந்துச்சு. வந்ததை விட மனசு வரலை. அப்புறம் எதுக்குக் கழட்டினேன்னு எனக்கே மறந்துபோச்சு.”

அக்காவுக்கு அவளை ஓங்கி ஓர் அறை விடலாம் போலவும் இருந்தது, மடியில் போட்டுக்கொள்ளலாம் போலவும் இருந்தது. மேலே உட்கார்ந்து இரண்டில் எது என்று மண்டையைக் குடைந்துகொண்டிருந்தாளே, அப்போது இரண்டுமே நடந்துகொண்டிருந்தது. சொல்கிறவளுக்கே தெரியாததை, பார்க்கிறவள் எந்தக் கண்ணைக் கொண்டு பார்ப்பாள்?

“இப்ப வந்த ஜோக் எல்லாம் என்னோடதாக்கா, இல்லை அதோடதா?” என்று வாலு கேட்டாள். “இவங்க யாருக்குச் சிரிச்சாங்க?”

“தெரியலைடி.”

“உனக்கும் தெரியலையா?”

“சத்தியமாத் தெரியலை. எழுந்திரு, போகலாம். போற வழியில டாக்டரைப் பார்த்துட்டுப் போகலாம்.”

வாலு எழுந்திருக்கவில்லை. அக்காவின் புடவைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டாள். “இன்னும் ஒண்ணே ஒண்ணு இருக்குக்கா. புதுசு. இப்பத்தான் வந்துச்சு. சொல்லிட்டு வந்துடறேன்.”

யாரோ ஒருவர், “சொல்லட்டுமே!” என்றார் பின்வரிசையிலிருந்து. அக்கா அந்தப் பக்கம் முறைத்துப் பார்த்தாள்.

“வேண்டாம். வீட்டுக்கு வந்து எனக்குச் சொல்லு.”

“வீட்டுலயா?” என்றாள் வாலு. “வீட்டுல நீ சிரிக்கவே மாட்டியேக்கா.”

அதற்கு ஒரு பெரிய சிரிப்பு எழுந்தது, அன்றைக்கு வந்ததிலேயே பெரிய சிரிப்பு. வாலு அந்தப் பக்கம் திரும்பவில்லை. அவள் அதை ஜோக்காகச் சொல்லவில்லை. அவள் சொன்னது உண்மை என்று அக்காவுக்குத் தெரிந்தது. அந்த மாலை முழுவதிலும் அவளுக்கு நிச்சயமாகத் தெரிந்தது அது ஒன்றுதான்.

“சிரிக்கறேன், வா.”

“நிஜமா சிரிப்பியா?”

அக்கா ஆமாம் என்று சொல்ல நினைத்தாள். அது பொய்யாகிவிடுமோ என்று பயமாக இருந்தது.

“தெரியலைடி” என்றாள். “வந்து சொல்லிப் பாரு.”

வாலு புடவைத் தலைப்பை விட்டாள். பிறகு கையை ஊன்றி எழுந்துகொண்டாள்.